பாய்லர் அறை ஆயர்

செவ்வாய்க்கிழமை காலை பத்தேகாலுக்கு வீட்டு வாசலில் ஒரு கார் வந்து சேற்றில் மாட்டிக்கொண்டது.

அமாலியா நூடுல்ஸுக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தாள். ஜன்னல் வழியே காரைப் பார்த்ததும் அவள் கண் அடுப்பின் பக்கம் போனது. வாசலில் கார் நின்றால் அடுப்பைப் பார்ப்பது பழைய வழக்கம். இப்போது பயப்பட ஒன்றும் இல்லை. இருந்தாலும் கை மாவை விட்டுவிட்டது.

வெளியே வாலெந்தின் நடைபாதையில் சாம்பல் தூவிக்கொண்டிருந்தான். மார்ச் மாதம் பகலில் பனி உருகும், இரவில் உறையும். சாம்பல் போடாவிட்டால் காலையில் யாராவது இடுப்பை உடைத்துக்கொள்வார்கள். அவன் வாளியோடு காரிடம் போனான்.

"ஸ்டியரிங்கைத் திருப்பாதீங்க! நேரா வைங்க! நேரா!"

முன்சக்கரங்களுக்கு அடியில் சாம்பலைக் கொட்டி, பலகை ஒன்றைச் செருகி, தோளைக் கொடுத்துத் தள்ளினான். அறுபத்து மூன்று வயது. கார் ஏறியது. உள்ளேயிருந்து இறங்கியவர் முழங்கால்வரை சேறாக நின்றார். கழுத்தில் பாதிரியாரின் வெள்ளைப் பட்டை.

"சாமி, மார்ச் மாசம் இந்த ரோட்டுல ரெண்டு பேர்தான் வருவாங்க. சாவு சொல்ல வர்றவன், வோட்டுக் கேக்க வர்றவன்."

"நான் ரெண்டும் இல்லை ஐயா. புஸ்தகம் எழுதறவன்."

"அப்போ மூணாவது வகை. பூட்ஸைக் கழட்டிட்டு உள்ள வாங்க. இல்லைன்னா என் பொண்டாட்டி ரெண்டு பேரையும் சேத்து வெளிய தள்ளுவா."

ராபல் சாமி போலந்துக்காரர். ஒன்பது வருடமாக இந்த நாட்டில் இருந்தும் ரப்பர் பூட்ஸ் வாங்காதவர். பேராயர் இல்லத்தில் எழுத்து வேலை. அமாலியா அவருக்குப் பால் விட்ட தேநீர் ஊற்றினாள். தவக்காலம் என்பதால் கறி இல்லை. புளித்த முட்டைக்கோஸும் வேகவைத்த உருளைக்கிழங்கும் வைத்தாள். அவர் பசியோடு சாப்பிட்டார். பிறகு பையைத் திறந்தார்.

"நம்ம மறைமாவட்டம் உயர்மறைமாவட்டமாகி அஞ்சு வருஷம் ஆகப்போகுது. பேராயர் ஒரு வரலாறு கேக்கறார். இந்தப் புல்வெளியில யார் யார் ஆயரா இருந்தாங்கன்னு. கோயில் கட்டின பிறகு வந்தவங்களை எழுதிட்டேன். அவங்களுக்கு ரெஜிஸ்டர் இருக்கு, போட்டோ இருக்கு. அதுக்கு முன்னாடி, மதத்துக்குத் தடை இருந்த காலத்துல இருந்தவங்களைத் தேடறதுதான் பாடு. கைதி முகாம்ல இருந்து வெளிய வந்து, பேரை மறைச்சு, எங்கயோ வேலை பாத்துக்கிட்டு..." நோட்டைப் புரட்டினார். "நாலு பேர் உறுதியாயிட்டாங்க. அஞ்சாவதா ஒருத்தர். இந்தத் தாஸ்கோல் சுரங்கத்துப் பாய்லர் அறையில ஒனுப்ரின்னு ஒருத்தர் கரி அள்ளிக்கிட்டிருந்தாராமே?"

வாலெந்தின் கோப்பையைக் கீழே வைத்தான்.

"இது நீங்க கேக்கறதா, பேராயர் கேக்கறதா?"

"பேராயர்தான். இது அவர் கடிதம்."

வாலெந்தின் மூக்குக்கண்ணாடியைச் சட்டையில் துடைத்துப் போட்டுக்கொண்டு கடிதத்தைப் படித்தான். மறுபடியும் படித்தான். எழுந்து போய் அடுப்புக் கதவை, அது மூடித்தான் இருந்தது, இன்னொரு முறை அழுத்தி மூடிவிட்டு வந்து உட்கார்ந்தான்.

"ஒரு பிஷப் கேக்கற வரைக்கும் வாயைத் திறக்காதேன்னு ஒனுப்ரி சாகறப்போ சொல்லிட்டுப் போனார். பன்னெண்டு வருஷமா உங்க ஆளுங்க இங்க வர்றாங்க. கோயிலுக்கு ஹீட்டர் குழாய் போட்டுக் கொடுத்தது நான்தான். மூணாவது பெஞ்சுல உக்காந்து பூசை பாக்கறேன். ஒருத்தரும் கேக்கலை."

"இப்பக் கேக்கறாங்க."

"அவர் பிஷப். எழுபத்தாறு நவம்பர் நாலாம் தேதி, பாய்லர் அறையில என் தலையில கையை வெச்சு என்னைச் சாமியாராக்கினார்."

ராபல் சாமியின் பேனா நின்றது. அவர் அமாலியாவைப் பார்த்தார்.

"கல்யாணம் அப்பவே ஆயிடுச்சு," என்றான் வாலெந்தின். "அவர் கார்பாத்திய மலைக்காரர். அவங்க கோயில் முறையில கல்யாணமானவனும் சாமியாராகலாம். தெரியும்ல?"

"தெரியும். ஆகலாம். சாட்சி யாராவது?"

"இவதான்."

"நான் கதவுகிட்ட நின்னேன்," என்றாள் அமாலியா. "காவலுக்கு."

"எழுத்துல ஏதாவது இருக்கா?"

"சின்னத் தாள் ஒண்ணு," என்றான் வாலெந்தின். "சிகரெட் பெட்டி அகலம் இருக்கும். கையெழுத்துப் போட்டு, தேதி போட்டு. அதை இவ தலையணைக்குள்ள வெச்சுத் தைச்சா."

சாமி எழுந்தே விட்டார்.

"ஐயா, அவர் எழுதின கடிதம் ஒண்ணு ரோமில் இருக்கு. ரெண்டு கையெழுத்தும் ஒத்துப்போனா போதும். அவரை ஆயர்னு புஸ்தகத்துல போடலாம். உங்களையும் குருன்னு பேராயர் ஏத்துக்குவார்."

"தாள் இல்லைன்னா?"

"இல்லைன்னா, அவர் ஒரு பக்தியான தொழிலாளி. நீங்களும்..."

"நானும்?"

சாமி மறுபடி உட்கார்ந்தார்.

"நாப்பத்தொரு கல்யாணம் செஞ்சு வெச்சிருக்கேன் சாமி. பாதிப் பேர் ஜெர்மனிக்கே குடிபோய் அங்க பேரப்பிள்ளை தூக்கிட்டாங்க. இத்தனை வருஷம் சும்மா சேந்து வாழ்ந்தீங்கன்னு அவங்களுக்கு நான் லெட்டர் போடணுமா?"

"கல்யாணத்துக்கு வழி இருக்கு. குரு இல்லாத ஊர்ல சாட்சி முன்னாடி சொன்னாலே அது கல்யாணம்தான். பாவத்தைச் சொல்லி மன்னிப்பு வாங்கற பாவசங்கீர்த்தனத்துக்குத்தான் அப்படி வழி இல்லை. குரு இல்லாம கேட்டது, ரெண்டு பேர் பேசிக்கிட்ட மாதிரி."

வாலெந்தின் கையிலிருந்த ரொட்டித்துண்டைத் தட்டில் வைத்தான். "அமாலியா, கத்தரிக்கோலை எடு."

"அந்தத் தலையணை இங்க இல்லை," என்றாள் அவள்.

"காலையில கட்டில்ல கிடந்துச்சே."

"அது வேற. அதைப் பக்கத்து வீட்டுக் கூல்ஜானுக்குக் கொடுத்திருக்கேன். அவ மக பிரசவத்துக்கு வந்திருக்கா."

வாலெந்தின் அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். அவள் தட்டுகளை எடுக்கத் தொடங்கினாள்.

"சரி," என்றான் அவன். "சாமி, வெள்ளிக்கிழமை வாங்க."

"சனிக்கிழமை அச்சுக்குப் போகணும். வெள்ளிக்கிழமை கண்டிப்பா வர்றேன்."

"வர்றப்போ பூட்ஸ் வாங்கிட்டு வாங்க," என்றான் வாலெந்தின்.

அந்தத் தாள் எரிந்து இருபத்து நாலு வருடம் ஆகிறது.

எழுபத்தொன்பது அக்டோபர். வாலெந்தின் பகல் ஷிப்டில் இருந்தான். அமாலியா இதே அடுக்களையில் வாத்துக்கு இறகு பிடுங்கிக்கொண்டிருந்தாள். வாசலில் ஒரு சாம்பல் நிற வோல்கா கார் நின்றது. தோல் கோட்டு போட்ட இரண்டு பேர் இறங்கினார்கள். ரகசியப் போலீஸ்தான் அந்தக் காரில் வரும்; தாஸ்கோலில் அது நிற்கும் வீட்டில் மறுநாள் ஒரு ஆள் குறைந்திருக்கும். அவள் யோசிக்கவில்லை. தலையணையைக் கிழித்துத் தாளை எடுத்து அடுப்பில் போட்டாள். கதவைத் திறந்தபோது கையெல்லாம் இறகு. தோல் கோட்டுக்காரர்களில் ஒருவன் தொப்பியைக் கழற்றினான். கூட்டுப்பண்ணைத் தலைவரின் மகளுக்குக் கல்யாணமாம். வாத்து இறகு இரண்டு கிலோ கிடைக்குமா என்று கேட்டான்.

கொடுத்தாள். எடை போட்டு, சாக்கில் கட்டி, கார்வரை கொண்டுபோய் வைத்தாள். திரும்பி வந்து அடுப்புக் கதவைத் திறந்து பார்த்தாள்; சாம்பல்தான் இருந்தது.

சாயங்காலம் அவன் வருவதற்குள் நாட்காட்டியில் ஒரு தாளைக் கிழித்து, அதே மாதிரி நாலாக மடித்து, தலையணைக்குள் வைத்துத் தைத்துவிட்டாள். ஒவ்வொரு வருடமும் நவம்பர் நாலாம் தேதி வாலெந்தின் தலையணையை உள்ளங்கையால் அழுத்திப் பார்ப்பான். உள்ளே தாள் சரசரக்கும். அவன் ஒன்றும் சொல்லாமல் படுத்துக்கொள்வான்.

புதன்கிழமை அவன் முகம் மழித்தான். ஞாயிற்றுக்கிழமை மட்டும் மழிக்கிறவன். பிறகு நிலவறைக்கு இறங்கி, உருளைக்கிழங்குப் பெட்டிக்கு அடியிலிருந்து, பூசைக்குத் தோளில் போடும் துண்டை எடுத்துவந்தான். எலி ஓரத்தைத் தின்றிருந்தது. அமாலியா அதைத் துவைத்து அடுப்புக்கு மேலே காயப்போட்டாள். அவன் மண்வெட்டியோடு கல்லறைக்குப் போய் ஒனுப்ரியின் சிலுவையைச் சுற்றிப் பனியை வெட்டிப்போட்டுவிட்டு வந்தான். வந்ததும் கோழிக்கூட்டைச் சுத்தம் செய்தான். அது முடிந்ததும் ஆட்டுத்தொழுவக் கதவின் கீலைக் கழற்றி எண்ணெய் போட்டு மாட்டினான். கீல் நன்றாகத்தான் இருந்தது.

அமாலியாவும் உட்காரவில்லை. கழுவின பாத்திரங்களை மறுபடி கழுவினாள். காற்று நாள் முழுவதும் தகரக் கூரையைத் தூக்கித் தூக்கி அடித்தது.

"உக்காந்து சாப்பிடேன்," என்றான் அவன். "குதிரை மாதிரி நின்னுக்கிட்டே திங்கறே."

"நீ மட்டும்? கீலுக்கு எண்ணெய் போடறானாம் கீலுக்கு."

அவன் சிரித்தான். நூடுல்ஸை முள்கரண்டியில் சுற்றிக்கொண்டே, "அன்னிக்கு என் தலையில கரி இருந்துச்சு, ஞாபகம் இருக்கா?" என்றான்.

"அஞ்சு விரலும் தெரிஞ்சுது. மூணு தடவை சோப்பு போட்டும் போகலை. மறுநாள் தொப்பியோட வேலைக்குப் போனே."

"அவர் கையைக் கழுவலை. கழுவ நேரமில்லை. ஷிப்ட் மாறப்போகுது. ரெண்டு கையையும் தலையில வெச்சார். அந்தக் கை என்ன கனம் தெரியுமா? ஒவ்வொண்ணும் ஒரு மூட்டை."

"இதைச் சாமிகிட்ட சொல்லு."

"பாய்லர் அறையில வேலை பாக்கறவன் தலையில கரி இருந்துச்சுன்னு சொன்னா யாரு கேப்பா?" அவன் தட்டைத் துடைத்து எழுந்தான். "ஓட்டிலியாக் கிழவி ஆள் அனுப்பியிருந்தா. கால் வீங்கிடுச்சாம். சாமியார் வந்தாராமே, உன்னைப் பத்திக் கேட்டாராமேன்னு. இந்த ஊர்ல ஒரு கார் மாட்டினா போதும்."

"என்ன சொன்னே?"

"வெள்ளிக்கிழமைக்கு அப்புறம் வந்து ஜெபம் சொல்லிக் கடைசி எண்ணெய் பூசறேன்னு சொன்னேன். அதுவரைக்கும் இருன்னேன். சரி, இருக்கேன்னா."

வியாழக்கிழமை அவன் ரொட்டி வாங்கப் போனதும் அமாலியா தலையணையை எடுத்துக் கோட்டுக்குள் சுருட்டிக்கொண்டு வேலி ஓரமாகவே பக்கத்து வீட்டுக்குப் போனாள். கூல்ஜான் எண்ணெயில் பவுர்சாக் பொரித்துக்கொண்டிருந்தாள். வீடெல்லாம் மாவு பொரியும் வாசனை.

"கூல்ஜான், இந்தத் தலையணை போன வாரத்துல இருந்து உன் வீட்டுல இருக்கு. உன் மக பிரசவத்துக்கு வந்திருக்கா."

கூல்ஜான் கரண்டியை எடுத்துக்கொண்டே திரும்பினாள். "எந்த மக? ஆய்னாவா? அக்கா, அவளுக்கு இன்னும் கல்யாணமே ஆகலையே. நீயே கட்டிவெச்சு, நீயே பிரசவமும் பாத்துட்டியா? பையனா, பொண்ணா?"

அமாலியா முக்காலியில் உட்கார்ந்து அழுதாள். கூல்ஜான் எண்ணெய்ச்சட்டியை இறக்கிவைத்துவிட்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். பாய்லர் அறையில் ஆயர் தலையில் கை வைத்ததிலிருந்து வோல்கா கார், இறகுவரை அமாலியா எல்லாவற்றையும் சொன்னாள். கூல்ஜான் சிரிக்காமல் இருக்கப் பார்த்தாள், முடியவில்லை.

"ரெண்டு கிலோவா? எடை போட்டா கொடுத்தே?"

"சிரி, சிரி."

"இல்லக்கா. எங்க மாமனார் குர்ஆனைத் தோட்டத்துல குழி வெட்டிப் புதைச்சார். எங்கன்னு மறந்துட்டுப் போய்ச்சேந்தார். இன்னிக்கும் உருளைக்கிழங்கு தோண்டும்போது மண்வெட்டியை மெதுவாத்தான் போடுவோம்." கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "சரி, அண்ணன்கிட்ட சொல்லிட வேண்டியதுதானே? இத்தனை வருஷமாவா மூடி வெச்சே?"

"சொன்னேனே."

"என்னது?"

"அடுத்த ஈஸ்டருக்கு முன்னாடி. பாவசங்கீர்த்தனத்துல. அப்ப எங்களுக்கு வேற சாமியார் ஏது? வெளி அடுக்களையில ரெண்டு நாற்காலி போடுவோம். அவர் செவுத்தைப் பாத்து உக்காருவார். பின்னாடி நாங்க ஒவ்வொருத்தரா போய் உக்காந்து சொல்லுவோம். நான் கடைசியாப் போனேன். தாளை எரிச்சுட்டேன், எரிச்சதை மறைச்சுட்டேன்னு சொன்னேன். மூணு அருள்நிறை மரியே சொல்லச் சொன்னார். எல்லாருக்கும் அதேதான்."

"அப்புறம்?"

"அப்புறம் ஒண்ணும் இல்லை. வெளிய வந்து சூப் இருக்கான்னு கேட்டார்."

"அப்போ அவருக்குத் தெரியும்."

"தெரிஞ்சா நவம்பர் மாசம் எதுக்குத் தலையணையை அழுத்திப் பாக்கறார்? தெரிஞ்சா எதுக்குத் தாள் இருக்கற மாதிரி சாமி முன்னாடி கத்தரிக்கோல் எடுங்கறார்? காதுல விழலை கூல்ஜான். பாய்லர் சத்தத்துல பாதிக் காது போனவர்."

"நீ சத்தமாச் சொல்லியிருக்கணும்."

"பாவத்தை எவளாவது சத்தமாச் சொல்லுவாளா?"

கூல்ஜான் ஒரு பவுர்சாக்கை அவள் கையில் வைத்தாள். அமாலியா அதைத் தின்னாமல் வைத்துக்கொண்டிருந்தாள். அவன் காதில் விழவில்லையென்றால் அவளுக்கு மன்னிப்பும் இல்லை. தாள் இல்லாததால் அவன் சாமியாரே இல்லையென்றால், காதில் விழுந்தும் மன்னிப்பு இல்லை. எந்தப் பக்கம் போனாலும் அதே சேறு. ஓட்டிலியாவின் வீங்கின கால் ஞாபகம் வந்தது. முகாமில் இருந்த காலத்தில் அவள் செய்த ஏதோ ஒன்று. அது என்னவென்று வாலெந்தினைத் தவிர யாருக்கும் தெரியாது. அவன் பாவமன்னிப்புக் கொடுத்த நாளிலிருந்துதான் ஓட்டிலியா தெருவில் தலை நிமிர்ந்து நடந்தாள்.

"நீ சாட்சி இருக்கேல்ல," என்றாள் கூல்ஜான். "பாத்தேன்னு சொல்லிடு. கையை வெச்சதைப் பாத்தேன்னு. அவ்வளவுதான்."

"நான் பாக்கலை."

"அங்கதானே நின்னே?"

"ரோட்டைப் பாத்து நின்னேன். காவலுக்கு நிக்கறவ உள்ள திரும்பிப் பாத்தா அப்புறம் காவல் எதுக்கு? எங்க ஆளுங்க எல்லா ஞானஸ்நானத்துலயும் எல்லாக் கல்யாணத்துலயும் எவளாவது ஒருத்தி அப்படித்தான் நின்னா. பூசை நடக்கும். நாங்க ரோட்டைப் பாப்போம்."

"பாத்தேன்னு சொல்றதுல என்ன குறைஞ்சுபோகுது?"

அமாலியா எழுந்து கோட்டுப் பொத்தானைப் போட்டாள். தலையணையைத் திரும்ப எடுத்துக்கொண்டாள். பவுர்சாக் கையிலேயே இருந்தது.

வெள்ளிக்கிழமை ராபல் சாமி புது ரப்பர் பூட்ஸில் வந்தார். கார் இந்தத் தடவை மாட்டவில்லை. வாலெந்தின், மகன் கல்யாணத்துக்குத் தைத்த கோட்டைப் போட்டு மேசை முன்னால் உட்கார்ந்திருந்தான். தலையணை மேசையின் நடுவில் இருந்தது.

"பிரசவம் நல்லபடியா முடிஞ்சுதா?" என்று கேட்டார் சாமி.

"முடியலை," என்றாள் அமாலியா. கத்தரிக்கோலை எடுத்தாள்.

தையலை ஒவ்வொன்றாக வெட்டினாள். இறகு எழும்பி மேசையில் பரவியது, சாமியின் மடியிலும் விழுந்தது. தாளை எடுத்து அவர் கையில் கொடுத்தாள். அவர் மெதுவாகப் பிரித்தார். ஒரு பக்கம் பன்னிரண்டாம் தேதி, அக்டோபர், சூரிய உதயம் ஏழு மணி. மறுபக்கம் முட்டைக்கோஸ் புளிக்கவைக்கும் முறை.

"இது..." என்றார்.

"அந்தத் தாளை நான் எரிச்சுட்டேன் சாமி." நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னாள். கார், தோல் கோட்டு, இறகு. சுருக்கமாகச் சொன்னாள். சொல்லும்போது ஒன்றைக் கவனித்தாள். சாமி தாளைப் பார்த்துக்கொண்டிருந்தார். வாலெந்தின் தாளின் பக்கமே குனியவில்லை. அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான், செவ்வாய்க்கிழமை பார்த்த அதே மாதிரி.

சாமி கண்ணாடியைக் கழற்றி மூக்கைத் தேய்த்தார். "அம்மா, அன்னிக்கு நீங்க கதவுகிட்ட இருந்தீங்க. ஆயர் கையை வெச்சதைப் பாத்தீங்களா? சத்தியம் பண்ணிச் சொன்னாப் போதும். அதை வெச்சு நான் பேராயர்கிட்டப் பேசிப் பாக்கறேன்."

கூரைத் தகரம் ஒருமுறை அடித்து ஓய்ந்தது.

"நான் ரோட்டைப் பாத்துக்கிட்டிருந்தேன் சாமி."

"ஒரு தடவைகூடத் திரும்பலையா?"

"இல்லை."

அவர் நோட்டைத் திறந்தார். ஐந்து என்று எண் போட்டு, பெயர் எழுதி, கீழே வெறுமையாக விட்டிருந்த பக்கம். பேனாவின் மூடியைக் கழற்றினார்.

"இத்தனை வருஷமா இதை நீங்க யார்கிட்டயும் சொல்லலையா?"

"சொன்னேன். இவர்கிட்ட. எண்பதாம் வருஷம் ஈஸ்டருக்கு முன்னாடி, பாவசங்கீர்த்தனத்துல."

சாமி வாலெந்தின் பக்கம் திரும்பினார். "ஐயா, அப்போ தாள் எரிஞ்சது உங்களுக்குத் தெரியுமா?"

"இவ தாளைத் தலையணைக்குள்ள வெச்சுத் தைச்சா. எழுபத்தாறுல. நான் சொல்றதுக்கு இருக்கறது அவ்வளவுதான்."

"அம்மா உங்ககிட்ட சொன்னதா..."

"அம்மா இப்ப சொன்னா. நீங்க கேட்டீங்க. பக்கத்துல உக்காந்து நானும் கேட்டேன்."

"தெரிஞ்சிருந்தும் செவ்வாய்க்கிழமை கத்தரிக்கோல் எடுன்னு சொன்னீங்களா, இல்ல தெரியாமலா? இது முக்கியம் ஐயா."

வாலெந்தின் கோட்டில் ஒட்டியிருந்த ஒரு இறகை எடுத்து மேசையில் வைத்தான்.

அமாலியா அவன் தோளைப் பிடித்தாள். "வாலெந்தின், அது என்னோட பாவம். பாவசங்கீர்த்தனத்துல கேட்டதைச் சாமியார் வெளிய சொல்லக்கூடாதுன்னாலும், நானே சொல்றேன், உன்னை விட்டுட்டேன். உனக்குக் கேட்டுச்சா இல்லையா? அன்னிக்குக் கேட்டுச்சுன்னா கேட்டுச்சுன்னு சொல்லு. இவர்கிட்ட சொல்லிடு."

"எதை?" என்றான் அவன்.

அந்தக் குரலில் கோபம் இல்லை. அவள் கையைத் தோளிலிருந்து எடுத்து, ஒருகணம் தன் இரண்டு கைகளுக்குள் வைத்திருந்துவிட்டு எழுந்தான்.

"ஆட்டுக்குத் தண்ணி வைக்கணும்."

வாளியை எடுத்துக்கொண்டு போனான். கதவு திறந்தபோது காற்று உள்ளே வந்து மேசையிலிருந்த இறகையெல்லாம் கிளப்பியது. ஜன்னல் வழியே தெரிந்தது. கல்யாணக் கோட்டோடு கிணற்றடியில் நின்றான். வாளியைக் கீழே வைத்தான். தண்ணீர் இறைக்கவில்லை. சும்மா நின்றான்.

அமாலியா அவனுடைய நாற்காலியில் உட்கார்ந்தாள். மூன்று நாளில் அந்த வீட்டில் முதல் தடவையாக உட்கார்ந்தாள். நவம்பர்கள் ஒவ்வொன்றாக வந்தன. உள்ளங்கை, சரசரப்பு, ஒன்றும் சொல்லாமல் அவன் படுத்துக்கொள்வது. இல்லாத பிரசவத்துக்குச் சரி என்று அவன் சொன்னது.

"அவருக்குக் கேட்டிருக்கு," என்றாள்.

"இருக்கலாம் அம்மா. எனக்கும் அப்படித்தான் தோணுது. பாவசங்கீர்த்தனத்துல கேட்டதைச் சொன்னவங்ககிட்டகூட ஒரு குரு திரும்பப் பேசக்கூடாது." சாமி மூடாத பேனாவைப் பார்த்துக்கொண்டே பேசினார். "ஆனா எனக்குத் தோணறதைப் பேராயர்கிட்ட நான் நீட்ட முடியாது. ஒனுப்ரி ஆயரா, கரி அள்ளற தொழிலாளியான்னு அவர் கேப்பார். எழுத்துல கேப்பார்."

"என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டதில்லை சாமி. குடிச்சுட்டு வந்த நாள்லகூட இல்லை. சண்டை போட்ட நாள்லகூட வாயில வரலை. இன்னிக்குத் தன் பேரே போகுது, அப்பவும் தண்ணி வைக்கப் போறேன்னு போறார்." அமாலியா ஜன்னலைக் காட்டினாள். "அந்த மனுஷனுக்கு இதைச் சொல்லிக்கொடுத்தது யாரு சாமி, ஒரு கரி அள்ளறவனா?"